மியூசியம் அண்ணை

அந்த மனிதரோடு ஒரே அறையில் பதினான்கு மாதம் இருந்தேன். பொறுமைக்கு யாராவது பரிசு கொடுப்பதென்றால் முதலில் என் கதவைத்தான் தட்ட வேண்டும். அவருடைய பெயரைச் சொல்லப்போவதில்லை. ஹைமில் நாங்கள் அவருக்கு வைத்த பெயர் மியூசியம் அண்ணை. அது போதும்.

ஹைம் என்றால் அகதிகள் விடுதி. எண்பத்தாறாம் ஆண்டு, எசனுக்குப் பக்கத்தில் ஒரு சிறு நகரம். தண்டவாளத்தை ஒட்டி, ஒரு காலத்தில் சுரங்கத் தொழிலாளர்கள் தங்கியிருந்த மூன்று மாடிக் கட்டடம். அறைக்கு நாலு பேர், சமைக்க மாடிக்கு ஒரு குசினி. வேலை செய்யக் கூடாது, அனுமதி இல்லாமல் நகர எல்லையைத் தாண்டக் கூடாது. செய்வதற்கு எங்களுக்கு இருந்தது இரண்டே வேலை. சமைப்பது, கதைப்பது. மியூசியம் அண்ணைக்குச் சமைக்க வராது.

ஆகவே கதைத்தார். காலையில் பல் விளக்கும்போது தொடங்கினால் விளக்கை அணைக்கும்வரை கதைத்தார். அரசியல் இல்லை, ஊர்ப் புதினம் இல்லை. ருமேனியாவில் பார்த்த மரவீடுகள்.

ஆளுக்கு நாற்பத்திரண்டு, நாற்பத்துமூன்று வயதிருக்கும். யாழ்ப்பாணத்தில் ஒரு சங்கக்கடையில், அதாவது அரிசியும் மாவும் சீனியும் நிறுத்துக் கொடுக்கிற கூட்டுறவுக் கடையில், மனேச்சராக இருந்தவர். வாழ்நாளில் ஒரு கதிரைக் காலைக்கூட ஒட்டவைத்தவர் அல்ல. அப்படிப்பட்டவர் ஹைமில் இருந்த மேசன்மாருக்கும் தச்சர்களுக்கும் வீடு கட்டுவது எப்படி என்று வகுப்பு எடுப்பார். அவர்களும் வேறு போக்கிடம் இல்லாமல் கேட்டுக்கொண்டிருப்பார்கள்.

ஒரு நாள் எங்கள் அறை ஹீட்டர் வேலை செய்யவில்லை. கட்டடத்தைப் பார்த்துக்கொள்கிற ஜெர்மன்காரர், முழங்காலில் நின்று அதைத் திருத்திக்கொண்டிருந்தார். அண்ணை பின்னால் கை கட்டிக்கொண்டு நின்று பார்த்தார்.

"உது என்ன சாமான்? இரும்புப் பெட்டி. அங்கை அடுப்பைப் பாக்கோணும். வீட்டுக்கு நடுவிலை சுவர் மாதிரி எழும்பி நிக்கும். ஒரு பக்கம் சமைக்கலாம், மற்றப் பக்கம் மேலை ஏறிப் படுக்கலாம். சொல்லும் தம்பி, அவருக்குச் சொல்லும்."

தம்பி என்றது என்னை. எனக்கு அப்போது இருபத்தாறு வயது. ஹைமில் இருந்தவர்களில் டொச், அதாவது ஜெர்மன் மொழியை முதலில் பிடித்துக்கொண்டவன் நான். டொக்டரிடம் போனாலும் நான், உதவிப்பணம் தருகிற சோசியல் கந்தோருக்குப் போனாலும் நான். அதில் எனக்குக் கொஞ்சம் எடுப்பும் இருந்தது.

"இவர் உங்களுக்கு நன்றி சொல்கிறார்" என்று ஜெர்மன்காரரிடம் சொன்னேன். அந்த மனிதர் சந்தோஷமாக எழும்பி அண்ணையின் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டுப் போனார்.

"பாத்தீரோ, அடுப்பு எண்டவுடனை ஆளுக்கு விளங்கீட்டுது" என்றார் இவர்.

இவர் "அங்கை" என்று சொல்வதை ஊர் என்று நினைத்து ஏமாந்த புது ஆட்கள் பலர். புதிதாக வந்த ஒரு வாத்தியார் ஆசையோடு கேட்டார், "எந்தப் பக்கம் அண்ணை? வடமராட்சியோ?"

"வடமராட்சியிலை என்ன கிடக்கு? சீமெந்துப் பெட்டியள். நான் சொல்லுறது ருமேனியா."

வாத்தியார் அன்றைக்கே பெட்டியைத் தூக்கிக்கொண்டு பக்கத்து அறைக்குப் போய்விட்டார்.

இன்னொரு முறை, ஆணி இல்லாமல் வீடு நிற்கும் என்று காட்டுவதற்காகக் குசினி மேசையில் நெருப்புக்குச்சிகளை ஒன்றுக்குமேல் ஒன்று கொளுவி அடுக்கினார். ஒருவரையும் சாப்பிட விடவில்லை. நாலாவது வரிசையில் எல்லாம் சரிந்தது. ஜெர்மன்காரனுக்கு நெருப்புக்குச்சி செய்யக்கூடத் தெரியவில்லை என்று சொல்லிவிட்டு எழும்பிப் போனார்.

ஒருவன் தன் சொந்தச் சாமானைப் பற்றிப் பெருமையடித்தால் பொறுக்கலாம். இவருடைய பெருமை முழுக்க ஊரான் வீட்டுச் சாமான். அதுவும் ஊரான் எப்போதோ விட்டுப்போன வீடு. இங்கே கதவு சரியில்லை, கூரை சரியில்லை, யன்னல் சரியில்லை, ஹைமின் இரும்புப் படலையைத் திறக்கும்போதெல்லாம் "படலை எண்டால் அதிலை ஒரு சூரியன் செதுக்கி இருக்கோணும்" என்று முணுமுணுப்பார். கையில் பிடித்திருக்கிற அகதிக் காகிதத்தைத் தவிர இந்த உலகத்தில் ஒன்றும் இல்லாத மனிதருக்கு வந்த விண்ணாணத்தைப் பாருங்கள்.

அந்த ருமேனியாக் கதை பொய் என்றால் எனக்கு இத்தனை எரிச்சல் வந்திருக்காது. புளுகன் என்று தள்ளிவிட்டுப் போயிருப்பேன். அது உண்மை. நானும் அங்கேதான் இருந்தேன்.

எங்கள் ஏழு பேரை ஏஜென்ட் கொழும்பிலிருந்து புக்கரெஸ்ட்டுக்குக் கொண்டுவந்து இறக்கினான். இரண்டு நாளில் கிழக்கு பெர்லின் என்று சொல்லிவிட்டுப் போனான். இரண்டு நாள் நாலு மாதமானது. நல்ல குளிர்காலம். கடையில் பாணுக்கு வரிசை, அறையில் சூடு கிடையாது, பின்னேரமானால் வெளிச்சமும் அரைவாசிதான். நாங்கள் ஆறு பேர் சப்பாத்தைக் கழற்றாமல் கம்பளிக்குள் கிடந்து காட்ஸ் விளையாடினோம். இவர் மட்டும் காலையில் எழும்பி, ஐஸ் தண்ணீரில் முகம் கழுவி, தலை இழுத்து, சங்கக்கடை திறக்கப் போகிறவர் மாதிரிப் புறப்பட்டுவிடுவார்.

ஏரிக்கரையில் ஒரு மியூசியம் இருந்தது. நாட்டின் மூலைமுடுக்கில் இருந்த பழைய கிராமத்து வீடுகளை அப்படியே கழற்றிக் கொண்டுவந்து, மரங்களுக்கு நடுவே திரும்பப் பூட்டி வைத்திருந்தார்கள். உள்ளே போக அற்ப விலை. நாலு மாதமும் அங்கேதான் அவருடைய பகல்.

ஒரே ஒரு நாள் நானும் கூடப் போனேன். காட்ஸ் அலுத்துப்போயிருந்தது. பனி முழங்கால் வரைக்கும் கிடந்தது. சூரியன் செதுக்கிய பெரிய மரப் படலை ஒன்று, அரைவாசி மண்ணுக்குள் புதைந்த வீடு ஒன்று, வீட்டைவிட இரண்டு மடங்கு உயரமான கூரையோடு இன்னொன்று. இவர் ஒவ்வொரு வாசலிலும் குனிந்து சப்பாத்தைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு, பெருவிரல் வெளியே தெரிகிற காலுறையோடு உள்ளே போனார். விறைத்த மண் தரை. பார்க்க வந்த ருமேனியர்கள் எல்லோரும் சப்பாத்தோடு நடக்கிறார்கள், இந்தக் கறுப்பு மனிதர் மட்டும் கோயிலுக்கு வந்தவர் மாதிரி நிற்கிறார். நான் கொஞ்சம் தள்ளி நின்றுகொண்டேன்.

தலைத்துணி கட்டிய காவல்காரப் பெண் ஒருத்தி கூட்டுகிற தும்புத்தடியோடு நின்றாள். அவரைக் கண்டதும் சிரித்து, மற்றவர்கள் தாண்டக் கூடாது என்று கட்டியிருந்த கயிற்றை அவிழ்த்துவிட்டாள். தெரிந்தவர்கள் வீட்டுக்குப் போகிறவர் மாதிரி இவர் உள்ளே போனார். கட்டில் விரித்துக் கிடந்தது. அதன்மேல் பூவேலை செய்த தலையணைகள் கூரை முட்ட அடுக்கியிருந்தன.

"இந்த அறை காணும் தம்பி" என்றார். "மூத்தவளுக்கு யன்னல் பக்கம் கட்டில், அவள் படிக்கிறவள். சின்னவள் அடுப்புக்கு மேலை. அவளுக்குக் குளிர் ஏலாது. மனுசிக்கு உந்தப் பெட்டகம் பிடிக்கும்."

கூப்பன் அரிசி பங்கிடுகிற குரலில் சொன்னார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கால் மரத்து, வயிறு காய்ந்து நிற்கிறோம். ஏஜென்ட் வருவானா மாட்டானா என்று தெரியாது. இந்த மனிதர் செத்துப்போன யாரோ ருமேனியனின் வீட்டில் குடும்பத்தைக் குடியேற்றுகிறார். நான் மணிக்கூட்டைப் பார்த்தேன்.

"அண்ணை, உங்களுக்கு என்ன விசரோ?"

"நீர் இன்னும் கூரையைப் பாக்கேல்லை" என்றார்.

அதற்குப் பிறகு நான் போகவில்லை.

அவருடைய மனைவியும் அந்த இரண்டு பெண்பிள்ளைகளும் கொழும்பில், வெள்ளவத்தையில் ஒரு லொட்ஜ் அறையில் காத்திருந்தார்கள். அகதியாக ஏற்கக் கேட்கிற அசீல் கேஸ் வென்றால் அவர்களைக் கூப்பிடலாம். தோற்றால் இவர் இங்கே, அவர்கள் அங்கே. துரத்திவிடமாட்டார்கள், ஆனால் கூப்பிட முடியாது. கிழமைக்கு ஒரு நீலக் கடிதம் வரும். அதை வாசித்துவிட்டு மடித்துச் சேர்ட் பைக்குள் வைப்பார். அன்றைக்கு மட்டும் அரை மணித்தியாலம் ருமேனியா இருக்காது.

கேஸ் என்பது விசாரணையில் சொல்வதற்காக நாங்கள் எழுதி மனப்பாடம் பண்ணுகிற கதை. ஏன் வந்தேன், எப்படி வந்தேன் என்பது. ஏன் என்பதில் ஒருவருக்கும் பொய் தேவைப்படவில்லை. அது எங்கள் எல்லோரிடமும் தாராளமாக இருந்தது. எப்படி என்பதில்தான் சூட்சுமம். வழியில் வேறொரு நாட்டில் மாதக்கணக்கில் தங்கியிருந்தால், அங்கேயே உனக்குப் பாதுகாப்பு இருந்ததே, இங்கே எதற்கு வந்தாய் என்று தள்ளிவிடுவார்கள். ஆகவே காகிதத்தில் நாங்கள் எல்லோரும் கொழும்பில் பிளேன் ஏறி, நடுவில் எங்கும் கால் வைக்காமல், கிழக்கு பெர்லினில் இறங்கினோம். ஹைமில் பாதிப் பேருடைய கேஸை எழுதியவன் நான். என்னுடையதையும் நான்தான் எழுதினேன். இவருடையதையும் நான்தான்.

எங்களோடு வந்த மற்ற ஐந்து பேரும் வேறு வேறு நகரங்களுக்குப் போய்விட்டார்கள். புக்கரெஸ்ட்டை அறிந்தவர்கள் அந்த ஹைமில் நானும் இவரும்தான். இவருடைய வாய் திறந்தால் என்னுடைய நாலு மாதமும் சேர்ந்து வெளியே வரும். இப்போது விளங்குகிறதா, நான் எப்படி நித்திரை கொண்டிருப்பேன் என்று?

ஒத்திகை பார்ப்போம் என்று அவரைக் கட்டிலில் இருத்தி, நான் ஒஃபிசராக இருந்து கேட்பேன்.

"கொழும்பிலையிருந்து எப்பிடி வந்தனீர்?"

"பிளேனிலை."

"நேராய் எங்கை இறங்கினனீர்?"

"கிழக்கு பெர்லின்."

"வழியிலை எங்கையாவது நிண்டனீரோ?"

"இல்லை."

அச்சுப் பிசகாது. ஒரு சொல் கூடாது, குறையாது. நான் அப்பாடா என்று கொப்பியை மூடுவேன். மூடின கையோடு பக்கத்துக் கட்டில்காரனைப் பார்த்து, "உந்தக் குளிரெல்லாம் ஒரு குளிரோ? புக்கரெஸ்ட்டிலை ஏரி அப்பிடியே கல்லாய்க் கிடந்தது" என்பார்.

தலையில் அடித்துக்கொள்வேன். "அண்ணை, உங்கட வாயை ஒருக்கால் பொத்திக்கொண்டு இருக்க ஏலாதோ? பிள்ளையளைக் கூப்பிடுற எண்ணம் இருக்கோ இல்லையோ?"

"நீர் ஒஃபிசர் இல்லையே தம்பி. இவனும் ஒஃபிசர் இல்லை. எங்கட ஆக்களுக்குச் சொன்னால் என்ன?"

மறைக்கவும் பொய் சொல்லவும் அவருக்குத் தெரியும். கேட்டால் மறைப்பார். கேட்காதபோது அவரை நிறுத்த ஒருவராலும் முடியாது. அதிலும் வீடு என்ற பேச்சு வந்துவிட்டால் போதும்.

எண்பத்தேழு வசந்தத்தில் என்னுடைய கடிதம் வந்தது. கேஸ் வென்றுவிட்டது. அன்று இரவு ஒன்றரை வருடத்தில் முதல்முறையாக நன்றாக நித்திரை கொண்டேன். அடுத்த நாள் காலையில் இவர் பல் விளக்கிக்கொண்டே அடுப்பைப் பற்றித் தொடங்கினார். எனக்கு அவரைப் பற்றி இருந்த பயம் போய்விட்டதைக் கவனித்தேன். பயம் போன இடத்தில் இரக்கம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. வெறும் இளக்காரம்தான் மிச்சமிருந்தது.

அதற்கு இரண்டு கிழமைக்குப் பிறகுதான் அந்தச் சுற்றுலா. ஊர்த் தேவாலயத்தின் பாதிரியாருடைய மனைவி, எங்களுக்குப் பழைய கோட்டும் கேக்கும் தருகிறவர், நல்ல மனுசி. ஹைம்காரர்களை ஒரு நாள் வெளியே கூட்டிக்கொண்டு போக வேண்டும் என்று தீர்மானித்தார். நகர எல்லை தாண்ட எங்கள் பதினைந்து பேருக்கும் கந்தோரில் ஏறி இறங்கி அனுமதி எடுத்தார். எங்கே போகிறோம் என்று பஸ்சில் ஏறின பிறகுதான் சொன்னார். பழைய ஜெர்மன் கிராமத்து வீடுகளைக் கழற்றிக் கொண்டுவந்து திறந்தவெளியில் வைத்திருக்கிற மியூசியமாம்.

பஸ்சில் இருந்த மற்றப் பதினான்கு பேரும் ஒரே நேரத்தில் திரும்பி அண்ணையைப் பார்த்தோம். அவர் கோட்டின் பொத்தானைப் பூட்டிக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார்.

போய் இறங்கியதிலிருந்து அவர்தான் தலைவர். முதலாவது வீட்டு வாசலிலேயே குனிந்து சப்பாத்தைக் கழற்றினார்.

"அண்ணை, போடுங்கோ. சனம் பாக்குது."

"வீட்டுக்குள்ளை சப்பாத்தோடை போறவையோ?"

"உது வீடில்லை, மியூசியம்."

"கட்டில் கிடக்கு, அடுப்புக் கிடக்கு, தொட்டில் கிடக்கு. பேந்தென்ன?"

சப்பாத்தைக் கையில் தூக்கிக்கொண்டு உள்ளே போனார். உடனே குறை பிடிக்கத் தொடங்கினார். சுவருக்கு ஏன் இத்தனை கறுப்புக் கட்டை? மாட்டுக் கொட்டிலையும் மனிசர் இருக்கிற இடத்தையும் ஒரே கூரைக்குக் கீழே போட்டவன் எவன்? தலையணை இரண்டே இரண்டு, ஒரு வீட்டுக்கு இது காணுமோ? எங்கள் ஆட்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். பாதிரியாரின் மனைவி, அவர் எவ்வளவு ரசித்துப் பார்க்கிறார் என்று என்னிடம் நெகிழ்ந்தார்.

உள்ளூர்ப் பத்திரிகையிலிருந்து கமெராவோடு ஒரு இளைஞனும் வந்திருந்தான். அகதிகள் மியூசியம் பார்ப்பது அவனுக்குச் செய்தி. வீட்டுச் சாமான்களை விளக்கிக்கொண்டு வந்த வழிகாட்டிப் பெண்ணுக்கு ஐம்பது வயதிருக்கும். அண்ணை அடுப்பைத் தட்டிப் பார்த்துத் தலையை ஆட்டியதைக் கண்டு, என்ன சொல்கிறார் என்று என்னிடம் கேட்டார். நான் வழக்கம்போல ஏதாவது நன்றி சொல்லி ஒப்பேற்றுவதற்குள், அண்ணை அடுப்பைக் காட்டி இரண்டு ருமேனியச் சொற்களைச் சொன்னார். காசா, ஃபோக். வீடு, நெருப்பு.

அந்தப் பெண் அப்படியே நின்றுவிட்டார். அவர் ருமேனியாவில் பிறந்த ஜெர்மன்காரி. ஆறு வருடத்துக்கு முன்புதான் குடும்பத்தோடு இங்கே வந்தவர். மடமடவென்று ருமேனிய மொழியில் ஏதோ கேட்டார். இவருக்கு இருபது சொல்லுக்குமேல் தெரியாது. அந்த இருபதையும் சந்தைக்காரன் மாதிரி முன்னால் பரப்பினார். படலை, கிணறு, பாண், தலையணை, பனி. ஒவ்வொரு சொல்லுக்கும் அந்தப் பெண் சிரித்தார், பிறகு கண்ணைத் துடைத்தார். பத்திரிகைக்காரன் கொப்பியைத் திறந்துவிட்டான். சப்பாத்தைக் கையில் பிடித்தபடி வாசலில் நின்ற அண்ணையைப் படம் எடுத்தான்.

"இவருக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்?" என்று என்னைக் கேட்டான்.

அவன் கேட்டதை நான் தமிழில் சொன்னேன். இந்த இடத்தில் அவர் வாயை மூடியிருக்க வேண்டும். கொப்பியில் எழுதுகிறவன் எங்கட ஆள் இல்லை என்பதாவது தெரிந்திருக்க வேண்டும். ஆனால் நெஞ்சு விம்மிப்போய் நின்றார். அவர் வாழ்க்கையில் அவருடைய கதையை ஒருவர் அழுது கேட்டது அதுதான் முதல் தரம் என்று நினைக்கிறேன்.

"நாலு மாசம் அங்கை இருந்து பாத்தனான் எண்டு சொல்லும்" என்றார். பிறகு எங்கள் ஆட்களின் பக்கம் திரும்பினார். "இந்தத் தம்பியும் வந்தவர், ஒரு நாள். கூரையைப் பாக்கேல்லை, மணிக்கூட்டைப் பாத்துக்கொண்டு நிண்டவர். ஆள் காட்ஸ்காரன். சொல்லும், அதையும் சொல்லும்."

மற்றப் பதின்மூன்று பேரும் சிரித்தார்கள். அதில் எட்டுப் பேருக்குக் கேஸ் எழுதிக் கொடுத்தவன் நான். அவர்கள் முன்னால் ஒரு சங்கக்கடை மனேச்சர் என்னைப் பகிடி பண்ணுகிறார். எனக்குக் காது சுட்டது.

பத்திரிகைக்காரன் பேனாவோடு காத்து நின்றான். ஒரு வருடமாக இந்த மனிதருடைய வாயிலிருந்து வந்ததை எல்லாம் நான் வெட்டியும் மாற்றியும்தான் டொச்சுக்குக் கொடுத்திருக்கிறேன். ஒரு புத்தகத்தில் படித்தார் என்று சொல்லியிருக்கலாம். நாலு நாள் என்று சொல்லியிருக்கலாம். எனக்கு அது நுனிநாக்கில் இருந்தது.

"அவர் புக்கரெஸ்ட்டில் நாலு மாதம் இருந்தார்" என்றேன். "ஒவ்வொரு நாளும் மியூசியத்துக்குப் போனார்."

நானும் அங்கே இருந்ததைச் சொல்லவில்லை.

படம் நன்றாக வந்திருந்தது. ஹைமில் எல்லோரும் ஒவ்வொரு பிரதி வாங்கினார்கள். அண்ணை இரண்டு வாங்கி, ஒன்றை வெள்ளவத்தைக்கு அனுப்பினார். பாதிரியாரின் மனைவி தன் பங்குக்கு, இந்த மனிதர் எவ்வளவு பண்பானவர், நமது பழைய வீடுகளை எவ்வளவு மதிக்கிறார் என்று ஒரு கடிதம் எழுதி, பத்திரிகைத் துண்டையும் இணைத்து, அவருடைய கேஸைப் பார்க்கிற கந்தோருக்கு அனுப்பிவைத்தார். உதவி செய்வதாக நினைத்துத்தான்.

விசாரணைக்குப் போய்விட்டு அண்ணை சந்தோஷமாகத் திரும்பி வந்தார்.

"ஒஃபிசர் நல்ல மனுசன், தம்பி. நான் நீர் சொல்லித்தந்தபடிதான் சொன்னனான், நேராய்க் கிழக்கு பெர்லின் எண்டு. பேந்து ஆள் பேப்பரை எடுத்து மேசையிலை வைச்சார். என்ர படம். ருமேனியா எப்பிடி எண்டு கேட்டார்."

"நீங்கள் என்ன சொன்னனீங்கள்?"

"பேப்பரிலை வந்ததைப் பிறகு என்னெண்டு இல்லையெண்டுறது? அடுப்பு, கூரை, படலை எல்லாம் சொன்னன். அரை மணித்தியாலம். ஆள் எழுதி எழுதி எடுத்தவர்."

நான் அவருடைய முகத்தைப் பார்த்தேன். இப்படியும் ஒரு முட்டாள் இருக்க முடியுமா என்றுதான் அப்போதும் நினைத்தேன். உண்மையில் அப்படித்தான் நினைத்தேன், அதை மறைத்து என்ன பயன்?

கடிதம் ஆவணியில் வந்தது. எனக்கு நகரத்தில் ஒரு அறை கிடைத்து, பெட்டி கட்டிக்கொண்டிருந்த கிழமை. அண்ணை உறையைக் கிழிக்காமல் கொண்டுவந்து என் கையில் தந்துவிட்டுக் கட்டிலில் உட்கார்ந்தார். நான் வாசித்தேன். நிராகரித்திருந்தார்கள். இரண்டாம் பக்கத்தில் காரணம் ஒன்றே ஒன்று. பத்திரிகைச் செய்தியின்படியும் மனுதாரரின் சொந்த வாக்குமூலத்தின்படியும், அவர் நாலு மாதம் ருமேனியாவில் அச்சமின்றி வாழ்ந்திருக்கிறார்.

"இல்லையெண்டிட்டாங்கள், அண்ணை."

"ஏனாம்?"

"காரணம் ஒழுங்காய் எழுதேல்லை. சும்மா சட்டம் சொல்லுறாங்கள்."

அவர் கையை நீட்டினார். காகிதத்தை வாங்கி இரண்டாம் பக்கத்தைப் புரட்டி, சங்கக்கடைக் கணக்குப் பார்க்கிறவர் மாதிரி விரலை வைத்து வரி வரியாக இறங்கினார். ஒரு இடத்தில் விரல் நின்றது.

"ஃபியர் மோனாட்டே" என்று வாசித்தார். நாலு மாதம். "இது எனக்கு விளங்கும் தம்பி. அண்டைக்கு நீர் அந்தப் பெடியனுக்கு இதைத்தான் சொன்னனீர்."

நான் பெட்டியின் கயிற்றை இழுத்துக் கட்டினேன்.

"நான் சொல்லச் சொன்னதைத்தான் சொன்னனீர். அதிலை பிழை இல்லை." காகிதத்தை மடித்து மடியில் வைத்தார். "உம்மைப் பற்றிச் சொன்னதை நீர் விட்டனீர். உம்மட பேர் வரேல்லை, நான் கேட்டுக்கொண்டுதான் நிண்டனான். நல்லதுதான், உமக்கும் கரைச்சல் வந்திருக்கும். இதையும் விட்டிருக்கலாம்."

கோபமாகச் சொல்லியிருந்தால் நான் திருப்பிக் கத்தியிருப்பேன். உங்கட வாய்தான் காரணம் என்று சொல்ல ஒன்றரை வருடமாக வைத்திருந்த வசனங்கள் எல்லாம் தயாராக இருந்தன. அவர் கோபப்படவில்லை. அந்த அறையில் வெட்கப்பட வேண்டிய ஆள் நான் ஒருவன்தான் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. இத்தனை நாளும் நான் அவரைக் கீழே வைத்துப் பார்த்துக்கொண்டிருந்த அந்த இடத்தில் இப்போது நானே நின்றுகொண்டிருந்தேன்.

அவர் எழும்பிப் போய் என்னுடைய கொப்பியையும் பேனாவையும் எடுத்துக்கொண்டு வந்து, கட்டின பெட்டிக்கு மேலே வைத்தார்.

"அப்பீல் எழுதலாம்தானே. எழுதும். உம்மை விட்டால் எனக்கு எழுத இஞ்சை ஆர் இருக்கினம்?"

"எழுதலாம் அண்ணை."

"இந்த முறை நான் வாய் திறக்கமாட்டன். நீர் சொல்லுறதை மட்டும் சொல்லுறன்."

எழுதினேன். இரண்டு நாள் இருந்து, எனக்குத் தெரிந்த டொச் முழுவதையும் போட்டு எழுதினேன். தோற்றது. அதற்குள் அவருடைய மனைவி லொட்ஜை விட்டுப் பிள்ளைகளோடு யாழ்ப்பாணத்துக்கே திரும்பிப் போய்விட்டதாகக் கடிதம் வந்திருந்தது. முடிவு வரும்வரை அவர் சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். நான் ஹைமுக்குப் போகிற நேரமெல்லாம் குசினியில் ஆட்களோடு ஆட்களாக உட்கார்ந்து, கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லிவிட்டு, சத்தமில்லாமல் சாப்பிட்டுக்கொண்டிருப்பார்.